வேர் வெட்டிய செரிக்கீரை

ஒரிகாசா மோரியோ அந்த வேலைக்கு வந்தது தூக்கத்தில். இது பேச்சுக்குச் சொல்வதல்ல. மூன்று வருஷம் முன்பு, சாலை நிலையம் என்கிற நெடுஞ்சாலை ஓய்விடத்துக் கூட்டுறவுக் கடையின் கூட்டத்தில், மலையிலிருந்து வரும் காட்டுக்கீரைகளைப் பார்த்துச் சோதித்துக் கையெழுத்துப் போட ஓர் ஆள் வேண்டும் என்று பேச்சு வந்தது. பழைய ஆள் இடுப்பு வலி என்று விலகியிருந்தார். யாரும் கை தூக்கவில்லை. ஒரிகாசா பின்வரிசை நாற்காலியில் அசந்துபோயிருந்தார். தலை முன்னால் சரிவதும் திடுக்கென்று நிமிர்வதுமாக இருந்தது. அதைத் தலையாட்டல் என்று எடுத்துக்கொண்டு எல்லோரும் கை தட்டினார்கள். அந்தச் சத்தத்தில்தான் விழித்தார். யாருக்கு என்ன நல்லது நடந்ததோ என்று தானும் தட்டினார்.

"முப்பத்தஞ்சு வருஷம் வனத்துறையில மரம் எண்ணினவரு. மரம் தெரிஞ்சவருக்குப் புல்லு தெரியாதா?" என்றார் தலைவர்.

மாட்டு வைத்தியருக்கு மீன் தெரியாதா என்று கேட்பது போலத்தான் இது. ஆனால் அதை எடுத்துச் சொல்வதற்குள் தேநீர் வந்துவிட்டது.

மரம் அவருக்குத் தெரியும். அதில் சந்தேகமில்லை. புல்லைத்தான் அறுபத்து மூன்று வயதில் படம் போட்ட புத்தகத்தை வைத்துக்கொண்டு படித்தார், பரீட்சைக்குப் போகிற பையனைப் போல. இப்போது வயது அறுபத்தாறு. முழங்கால் இரண்டும் உட்காரும்போது ஒரு பேச்சும் எழும்போது இன்னொரு பேச்சும் பேசின.

மே மாதம் பிறந்தால் வட ஜப்பானின் இவாத்தே மலைப்பக்கத்தில் பனி உருகி, மண்ணுக்குள் இருப்பதெல்லாம் ஒரே வாரத்தில் மேலே வந்துவிடும். ஊரும் கூடையைத் தூக்கிக்கொண்டு மலையேறிவிடும். காலை ஏழு மணிக்குக் கடையின் பின்பக்கம், தகரக் கூரைக்குக் கீழே ஒரு மேசை. மேசைக்கு முன்னால் நாற்பது கூடைகள். மேசைக்குப் பின்னால், ஊர் முழுக்கப் பறக்கும் சுகி மரத்துப் பூந்தூளால் மூக்கு அடைத்து, கண் சிவந்து, முகமூடிக்குள் தும்மிக்கொண்டு ஒரிகாசா.

எல்லாக் கீரையிலும் அவருக்குப் பயம் செரியிடம்தான். செரி நல்ல கீரை. ஓடைத் தண்ணீரில் வளரும், வாசனைக்குப் பேர்போனது, கோழிக்குழம்பில் போட்டால் வேரைத்தான் முதலில் தேடி எடுப்பார்கள். ஆனால் அதற்கு ஓர் ஒன்றுவிட்ட தம்பி இருக்கிறான், நஞ்சுச் செரி. வசந்தத்தில் இளசாக இருக்கும்போது இலையை மட்டும் பார்த்தால் பெற்றவளுக்கே அடையாளம் தெரியாது. தின்று அரை மணி நேரத்தில் வலிப்பு வரும். வேகவைத்தாலும் நஞ்சு போகாது. கண்டுபிடிக்க வழிகள் உண்டு: நல்ல செரியைக் கசக்கினால் வாசனை தூக்கும், வேர் வெள்ளை நூலாக இருக்கும். நஞ்சுச் செரிக்கு அந்த வாசனை இல்லை. அடித்தண்டு விரல் பருமனுக்கு இருக்கும், பிளந்தால் மூங்கில் போல அறை அறையாகத் தெரியும். அதனால் செரி வேரோடுதான் மேசைக்கு வர வேண்டும் என்பது விதி.

இன்னொரு விதியும் இருந்தது. படிவத்தில் 'பறித்த இடம்' என்று ஒரு கட்டம். அதைப் போட்டவர் வெளியூர்க்காரராகத்தான் இருக்க வேண்டும். இந்த ஊரில் ஒருவரிடம் வயதைக் கேட்கலாம், வருமானத்தைக் கேட்கலாம், மருமகள் ஏன் தாய்வீடு போனாள் என்றுகூடக் கேட்கலாம். கீரை எங்கே பறித்தாய் என்று மட்டும் கேட்கக் கூடாது. அவரவர் இடம் அவரவர் உயிர். பெற்ற பிள்ளைக்கும் கட்டியவனுக்கும் சொல்லாமலே செத்துப்போனவர்கள் உண்டு. ஆகவே நாற்பது கூடைக்காரர்களும் அந்தக் கட்டத்தில் 'மலை' என்று எழுதினார்கள். ஒரிகாசாவும் 'சரி' என்று பக்கத்தில் கோடிழுத்தார். சுகாதார அலுவலகம் இதுவரை ஒன்றும் கேட்டதில்லை.

அன்றைக்கு வரிசையின் கடைசியில் ஹெய்கிச்சி நின்றான். எழுபத்தொரு வயது, நாற்பது வருஷம் பேருந்து ஓட்டியவன், ஒரிகாசாவுக்குச் சிறுவயதிலிருந்தே கூட்டாளி. மலைப்பக்கம் போகாதவன். கீரைக்காரி அவன் மனைவி சசாமோரி தோமே. முப்பது வருஷமாக இந்தக் கடையில் வாசலுக்கு நேரே, கண்மட்டத் தட்டு அவளுடையது. ஒவ்வொரு கட்டிலும் பேரும் சிறு புகைப்படமும் ஒட்டியிருக்கும். படத்தில் தோமே வாங்குகிறவரைப் பார்த்து முறைப்பாள். அந்த முறைப்புக்காகவே நம்பி வாங்குவார்கள். பிப்ரவரியில் கூரைப் பனியைத் தள்ளும்போது விழுந்து தொடையெலும்பு முறிந்து, இன்னும் ஆஸ்பத்திரியில் கிடந்தாள். பருவத்தில் மூன்று வாரம் தட்டு காலியாக இருந்தால் காத்திருப்பவருக்குப் போய்விடும் என்பது கடை விதி. நாளையோடு மூன்று வாரம்.

ஹெய்கிச்சி ஆறு கட்டுகளை மேசையில் வைத்தான். ஆறும் ஒரே நீளம், ஒரே பருமன். அடியை வரிசையாக வெட்டி, ரப்பர் போட்டு, பயணச்சீட்டுக் கட்டு மாதிரி அடுக்கியிருந்தான். ஒவ்வொன்றிலும் தோமே முறைத்தாள்.

"வேர் எங்கய்யா?" என்றார் ஒரிகாசா.

"ஒரே சேறு மோரி. பாக்கவே சகிக்கல. சுத்தமா வெட்டிட்டேன். எட்டுக் கட்டு பறிச்சேன், ரெண்டு வீட்டுக்கு. நாளைக்கு நான் வரமுடியாது, முதுகு விட்டுப்போச்சு."

"வேரோட கொண்டு வரணும். தோமே அக்கா சொல்லலியா?"

"அவகிட்ட எங்க சொன்னேன்! தட்டு பத்திரமா இருக்குன்னு சொல்லி ஆச்சரியப்படுத்தணும்ல. எடுத்துக்கோ மோரி. அவ பேரு போட்டிருக்கு பாரு."

ஒரிகாசா ஒரு கட்டைக் கையில் எடுத்தார். முகமூடியை இறக்கி முகர்ந்தார். அவருடைய மூக்குக்கு அந்த வாரம் சாணமும் சாம்பிராணியும் ஒன்றுதான். எங்கே பறித்தாய் என்ற கேள்வி நாக்கு நுனி வரை வந்தது. கேட்பது மரியாதையில்லை. அதிலும், தோமேவின் இடத்தைக் கேட்பது சாமியறைக்குள் செருப்போடு போகிற மாதிரி. பின்னால் கடை திறக்கும் மணி அடித்தது. படத்திலிருந்த தோமே அவரை முறைத்தாள்.

கையெழுத்துப் போட்டார்.

"அடுத்த தடவை வேரோட" என்றார், தன் மனசாட்சிக்குக் கேட்கும்படி.

மதியம் பன்னிரண்டரைக்குப் பின்னறையில் சிதா மிசுஹோ ஊழியர்களுக்கு நூடுல்ஸ் கொதிக்கவைத்துக்கொண்டிருந்தாள். முப்பத்தாறு வயது, கடை நிர்வாகி. சாலை நிலையத்தின் தலைமைப் பதவிக்கு ஸ்டேஷன் மாஸ்டர் என்றுதான் பேர். ரயிலே வராத நிலையத்துக்கு ஸ்டேஷன் மாஸ்டரா என்று ஒரிகாசா அவளை மூன்று வருஷமாகக் கேலி செய்து வருகிறார். அவளும் மூன்று வருஷமாகச் சிரிக்காமல் இருக்கிறாள்.

"ஒரிகாசா சான், மூக்கடைப்பு உங்களுக்கு மட்டும்தானா, எனக்கும் ஒட்டிக்கிச்சா? இந்தச் செரில வாசனையே காணோம்."

ரப்பர் அறுந்த ஒரு கட்டு. விற்க முடியாது என்று குழம்புக்கு எடுத்து வந்திருந்தாள். தண்ணீர்க் குழாயின் கீழே பச்சையாகக் கிடந்தது.

ஒரிகாசா எழுந்து குழாயடிக்கு வந்தார்.

"குழம்புல போட்டாச்சா?"

"இன்னும் இல்ல. ஏன்?"

அவர் தண்டுகளை ஒவ்வொன்றாகப் புரட்டினார். ஹெய்கிச்சி ஒழுங்கானவன்தான். ஆனால் நாற்பது வருஷ ஒழுங்கும் ஒரு தண்டில் தவறியிருந்தது. அடியில் அரை விரல் நீளத்துக்குக் கட்டையான ஒரு துண்டு மிச்சமிருந்தது. பேனாக்கத்தியால் நீளவாக்கில் பிளந்தார். உள்ளே சின்ன ஏணி மாதிரி, அறை, அறை, அறை.

"அடுப்ப அணை" என்றார்.

சிதா அதற்குப் பிறகு ஒரு கேள்வி கேட்கவில்லை. அவள் நல்ல ஸ்டேஷன் மாஸ்டர். ஐந்து நிமிஷத்தில் தட்டிலிருந்த இரண்டு கட்டுகளையும் எடுத்துவிட்டாள், ஊராட்சி அலுவலகத்துக்கும் சுகாதார அலுவலகத்துக்கும் சொல்லிவிட்டாள். வந்தது ஆறு. தட்டில் இரண்டு, சமையலறையில் ஒன்று. மூன்று விற்றுப்போயிருந்தது.

பிறகு கம்பங்களிலிருந்த ஒலிபெருக்கிகள் பேச ஆரம்பித்தன. பூகம்பத்துக்கும் காட்டுத்தீக்கும் கரடி இறங்கினாலும் பேசும் அதே குரல். மலையில் மோதி எதிரொலி குழப்பக் கூடாது என்று ஒவ்வொரு சொல்லாக நிறுத்தி நிறுத்திப் பேசும்.

"சாலை நிலையத்தில்... இன்று காலை... சசாமோரி தோமே என்ற பெயரில் விற்ற... செரிக்கீரையில்... நஞ்சுச் செரி... கலந்துள்ளது. உண்ண வேண்டாம். உண்ண வேண்டாம்."

எதிர்மலை ஒரு தடவை சொல்லிப் பார்த்தது: தோமே... தோமே...

ஒரிகாசா கடை வாசலில் நின்று கேட்டார். ஒலிபெருக்கியில் அவர் பேர் வரவில்லை. அதில் ஒரு நொடி நிம்மதி வந்தது. அடுத்த நொடி அந்த நிம்மதியை நினைத்துக் கூசியது.

மூன்று கட்டும் இரண்டு மணிக்குள் கணக்கில் வந்தன. ஒன்றைச் சோபா நூடுல்ஸ் கடைக்காரர் சைக்கிளில் கொண்டுவந்து, "தோமே பேரப் பாத்துதான் வாங்கினேன்" என்று மூன்று தடவை சொல்லிவிட்டுப் போனார். இன்னொன்றைத் தபால் ஆபீசுக்கு எதிர்வீட்டுத் தம்பதி கொண்டுவந்தார்கள். மூன்றாவதை வாங்கியவர் செந்தாய் நகரத்திலிருந்து வந்த ஒரு கார்க்காரர். அவர் கார் ரேடியோவில் செய்தி கேட்டு, நெடுஞ்சாலையிலிருந்து தொலைபேசியில் கூப்பிட்டு, குப்பையில் தூக்கிப் போட்டுவிட்டதாகச் சொன்னார். யாரும் வாயில் வைக்கவில்லை.

"அப்பாடா" என்று சிதா நாற்காலியில் விழுந்தாள். "ஆறும் வந்தாச்சு."

ஒரிகாசாவும் உட்காரப் போனார். முழங்கால் பாதி மடங்கியபோது நினைவு வந்தது. எட்டுக் கட்டு பறிச்சேன். ரெண்டு வீட்டுக்கு.

ஹெய்கிச்சியின் கைப்பேசி எப்போதும் குளிர்சாதனப் பெட்டியின் மேல்தான் இருக்கும். பதினாறு தடவை மணி அடித்தது. வீட்டில் ஆளில்லை, ஒலிபெருக்கி பேசுமுன்பே பேருந்து ஏறியிருப்பான். ஆள் எங்கே என்று யோசிக்கவே வேண்டாம். ஆஸ்பத்திரியில் இரண்டு மணிக்குப் பார்வை நேரம். தோமேவை ஆச்சரியப்படுத்த வேண்டும் என்று அவன்தானே சொன்னான்?

சிதா ஆஸ்பத்திரிக்குத் தொலைபேசி செய்தாள். "வெளிச் சாப்பாட்டுக்கு இங்க அனுமதி இல்லைங்களே, அதனால அப்படி நடக்க வாய்ப்பில்ல" என்றது ஒரு மெல்லிய குரல்.

"வாய்ப்பில்லன்னா நானும் கூப்பிட மாட்டேனே!" என்று சிதா கத்தினாள். அவள் கத்தி அவர் கேட்டது அதுவே முதல் தடவை. "ஓடிப்போய்ப் பாருங்க!" பிறகு ஒரிகாசா பக்கம் திரும்பினாள். "நீங்க இன்னும் ஏன் நிக்கறீங்க?"

ஆஸ்பத்திரி இருபத்தைந்து நிமிஷம். அவருடைய வெள்ளைச் சின்ன லாரி எழுபதுக்கு மேல் போனால் கதவு பேச ஆரம்பிக்கும். அன்றைக்குக் கதவு, கண்ணாடி, இருக்கை எல்லாம் பேசின. ஒரிகாசா கேட்கவில்லை. அரை மணி நேரம், அரை மணி நேரம் என்று புத்தகத்து வரி ஒன்றே மண்டையில் ஓடியது. தோமேவுக்கு எழுபது வயது, ஏற்கெனவே எலும்பு முறிந்தவள். முப்பத்தைந்து வருஷம் மரம் எண்ணினார். ஒரு மரம் விட்டுப்போனால் அடுத்த வருஷம் எண்ணிக்கொள்ளலாம். அது எவ்வளவு நல்ல வேலை என்று அப்போது தெரியவில்லை. மூக்கடைப்பு, மரியாதை, ஒரு புகைப்படம். மூன்று பேரும் சேர்ந்து அவர் கையைப் பிடித்துக் கையெழுத்துப் போட வைத்துவிட்டார்கள். கை யாருடையது என்று கேட்டால் பதில் சொல்ல வழியில்லை.

மூன்றாவது மாடியில் தோமேவின் கட்டில் காலி. நர்ஸ் ஒருத்தி படியிறங்கி எதிரே ஓடிவந்தாள். "சக்கர நாற்காலியில வெளிய கூட்டிட்டுப் போயிட்டாராம். வெயில் காட்டணும்னு!"

வெயில் காட்டுகிறவன் யார் கண்ணிலும் படாத இடத்துக்குத்தான் போவான். ஒரிகாசா கட்டடத்தைச் சுற்றி ஓடினார். ஓடினார் என்பது மரியாதைக்கு. சைக்கிள் கொட்டகைக்குப் பின்னால், குளிர்பானப் பெட்டியின் நிழலில் இருவரும் இருந்தார்கள். தோமேவின் மடியில் திறந்த சாப்பாட்டு டப்பா. எள் தூவிய பச்சைக் கீரை. அவள் கையில் சாப்பாட்டுக் குச்சிகள். குச்சிகளின் நுனி ஹெய்கிச்சியின் மூக்குக்கு நேரே நீண்டிருந்தது.

"மோரியா? வா வா, நல்ல நேரத்துல வந்த. வந்து இந்த அநியாயத்தப் பாரு. வேர வெட்டிக் குப்பைல போட்டிருக்காரு!"

"அக்கா... சாப்பிட்டீங்களா?"

"இதையா? மீனத் தூக்கிப் போட்டுட்டு செதிலக் கொண்டாந்து குடுத்தா நீ திம்பியா? முப்பது வருஷம் என் கையால வேரோட தின்னுட்டு, ஒரு நாள் தனியா விட்டா வெட்டுறாரு. பேருந்து ஓட்டற மூளை. முன்னாடி கண்ணாடி தெரிஞ்சா போதும், சக்கரம் எதுக்குன்னு கேக்கற ஆளு."

"ஹெய்கிச்சி, நீ? நீ வாயில வச்சியா?"

ஹெய்கிச்சி தலை குனிந்திருந்தான். "அவ ஒரு வாய் வைக்காம நான் எப்படி? இருபது நிமிஷமாத் திட்டிட்டே இருக்கா. பசிக்குது."

ஒரிகாசா டப்பாவை அவள் மடியிலிருந்து எடுத்து மூடினார். பிறகு அங்கேயே சிமெண்ட் தரையில் உட்கார்ந்துவிட்டார். முழங்கால்கள் எதுவும் சொல்லவில்லை. அவற்றுக்கும் பேச்சு வரவில்லை போலிருக்கிறது.

சொன்னார். எல்லாவற்றையும், தன் கையெழுத்து உட்பட. தோமேவின் கையிலிருந்த குச்சிகள் மெல்லக் கீழே இறங்கின. ஹெய்கிச்சி தன் இரண்டு கைகளையும் பார்த்தான். அவை வேறு யாருடைய கைகளோ என்பது போலப் பார்த்தான்.

"ஆனா நான் சரியான எடத்துக்குத்தானே போனேன்" என்றான் கடைசியில். "அவ எடத்துக்கு. ட்சுகா மரம் இருந்துச்சே. நீதானே மோரி சொன்ன."

ஒரிகாசாவுக்கு அப்போதுதான் அது நினைவு வந்தது. பத்து நாள் முன்பு பெட்ரோல் நிலையத்தில் ஹெய்கிச்சி மேல்சட்டைப் பையிலிருந்து ஒரு காகிதத்தைப் பிரித்தான். உள்ளே ஏழெட்டுக் காய்ந்த ஊசியிலைகள். இது என்ன மரம் மோரி? மூன்று வருஷமாகப் புல்லையே கேட்டுக்கொண்டிருந்த ஊரில் ஒருவன் மரத்தைக் கேட்கிறான்! ஒரிகாசாவுக்குத் தலைகால் புரியவில்லை. கண்ணாடி வீட்டில் இருந்தது. போய் எடுத்துவரும் பொறுமை இல்லை. விரலில் உருட்டினார். தட்டை, குட்டை. "ட்சுகா" என்றார். "இலை தட்டையா, குட்டையும் நெட்டையுமா இருக்கும். காய் கட்டைவிரல் அளவுக்குத் தொங்கும். இந்த ஊர்ல அது மேட்டுச் சதுப்புக்கு மேலதான் நிக்கும், வேற எங்கயும் கிடையாது." எதற்கு என்று அவர் கேட்கவில்லை. கேட்காமலிருப்பது ஊர் மரியாதை.

"இது உனக்கு எங்க கிடைச்சது?"

"அவ தலைத்துணியில" என்றான் ஹெய்கிச்சி. காகிதம் இன்னும் அதே பையில் இருந்தது. "ஒவ்வொரு வசந்தத்துலயும் செரி பறிச்சிட்டு வரப்ப இந்த இலை ஒட்டிட்டு வரும். எங்க போறான்னு நாப்பத்தாறு வருஷத்துல சொன்னதில்ல. ஆஸ்பத்திரில கிடக்கறவகிட்ட எடத்தக் கேட்டா, நான் செத்துப்போயிடுவேன்னு நினைக்கறியான்னு கேப்பா. அதான் மரத்தப் புடிச்சா எடத்தப் புடிச்சிரலாம்னு..."

ஒரிகாசா இந்தத் தடவை கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். ட்சுகா இலையின் நுனி மழுங்கி, நடுவில் துளி பிளந்திருக்கும். அடிப்பக்கம் வெள்ளையாக இரண்டு கோடு. வனத்துறையில் முதல் வாரமே சொல்லித்தருகிற பாடம். இவற்றில் வெள்ளைக் கோடு இல்லை. நுனி கூர். விரல் வைத்தால் குத்தாது, ஆனால் கூர். ஒரிகாசா ஏழு இலையையும் பார்த்தார். எட்டாவது இருந்தால் அதையும் பார்த்திருப்பார்.

"ஓன்கோ" என்றார்.

ஓன்கோ வேலி மரம். இந்த ஊரில் பாதி வீட்டுக்கு அதுதான் வேலி. அவர் வீட்டுக்கும் அதுதான். வருஷத்துக்கு இரண்டு தடவை அவரே ஏணி போட்டுக் கத்தரிக்கிறார். அவர் வீட்டு வேலிக்குப் பின்னால் ஊற்றுத் தண்ணீர் ஓடும் ஒரு கல் வாய்க்கால் உண்டு. குளிர்காலத்திலும் அது உறைவதில்லை.

அவர் நிமிர்ந்து தோமேவைப் பார்த்தார். தோமே சைக்கிள் கொட்டகையின் கூரையை மிகுந்த அக்கறையோடு பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா."

"என்ன?"

"எங்க வீட்டு வேலியா?"

"நான் ஒண்ணும் சொல்லலியே."

"வேலில ஒரு ஓட்டை இருக்கு. நரி போட்டதுன்னு நான் வருஷா வருஷம் கம்பி கட்டறேன்."

"நல்லாத்தான் கட்டற" என்றாள் தோமே. "அவுக்க எனக்கு அரை மணி நேரம் ஆகுது."

"முப்பது வருஷமாவா?"

"முப்பத்திரண்டு. உன் வாய்க்காச் செரியத்தான் உன் மேசைக்கே கொண்டாந்து குடுத்தேன். நீயும் மோந்து பாத்து, 'மலை வாசனையே தனி'ன்னு சொல்லுவ."

"ஃபுசாயேவுக்குத் தெரியுமா?" என்று தன் மனைவியைப் பற்றிக் கேட்டார்.

"அவ டீ போட்டுத் தரலன்னா நான் ஏன் அங்க வரேன்?"

ஹெய்கிச்சி முதல் தடவையாகச் சிரித்தான். சிரிப்பு பாதியில் வேறு மாதிரி ஆகி, முகத்தைத் திருப்பிக்கொண்டான். தோமே அவன் முதுகையே கொஞ்ச நேரம் பார்த்தாள். "அந்தச் சதுப்பு வரைக்கும் எப்படிப் போனீங்க? பேருந்து போகாதே."

"நடந்துதான்."

"அந்த முதுகோடயா?"

"உன் தட்டு போயிரும்னாங்க."

அவள் குச்சிகளை உறையில் போட்டாள். பிறகு ஒரிகாசாவிடம், பார்க்காமலே கேட்டாள்: "ஒலிபெருக்கில என் பேரச் சொன்னாங்களா?"

"சொன்னாங்க."

"முழுப் பேருமா?"

"முழுப் பேரும்."

தோமே தலையை ஆட்டினாள். படத்தில் முறைக்கும் அந்த முகத்தில் முறைப்பு போயிருந்தது. அது இல்லாமல் அவளை ஒரிகாசா இதுவரை பார்த்ததில்லை. மெலிந்து, எழுபது வயதுக்காரியாக, ஆஸ்பத்திரி உடையில் இருந்தாள். அவ்வளவுதான். அதுதான் அவரால் தாங்க முடியவில்லை.

கடைக்குத் திரும்பியபோது மணி நாலு. சிதா சுகாதார அலுவலகப் படிவத்தை நீட்டினாள். 'பறித்த இடம்' என்ற கட்டத்தில் முதல் முறையாக ஓர் இடத்தை எழுதினார்: மேட்டுச் சதுப்பு. 'தவறுக்குக் காரணம்' என்ற கட்டம் சின்னதாக இருந்தது. பின்பக்கம் திருப்பி எழுதினார்.

"இன்னொரு தடவை ஒலிபெருக்கில சொல்லணும்" என்றார்.

"எல்லாம் திரும்பி வந்தாச்சு, கவலை வேண்டாம்னு அஞ்சு மணிக்குச் சொல்லப் போறாங்க."

"அதோட இதையும் சேக்கச் சொல்லு." ஒரு தாளை நீட்டினார்.

சிதா படித்தாள். "ஒரிகாசா சான், உங்க பேர யாரும் கேக்கலியே. படிவத்துல எழுதினாப் போதும். ஊருக்கெல்லாம் எதுக்கு?"

"தோமே அக்கா பேர ஊருக்கெல்லாம் சொன்னோம்ல. கூடப் பத்து வார்த்தை சொல்லட்டும், என் பேரும் கொஞ்சம் உலகம் பாக்கட்டும்."

"மரத்தப் பத்தின விஷயத்தையுமா போட்டிருக்கீங்க? அத விட்ருங்க. அது யாருக்குத் தெரியப் போகுது?"

அந்த வரியில் அவர் கொஞ்சம் தயங்கினார். புல் தெரியாதவர் என்று ஊர் சொல்லட்டும், அது உண்மை. மரமும் தெரியாதவர் என்றால் அப்புறம் கையில் என்ன மிச்சம்?

"இருக்கட்டும்" என்றார். "அப்படியே படிக்கச் சொல்லு."

"வேலைய விட்டுருவீங்களா?"

"எடுத்துருவாங்கன்னுதான் ஒரு ஆசை."

"எடுக்க மாட்டாங்க. வேற யாரு கை தூக்குவாங்க? அடுத்த கூட்டத்துல முழிச்சிருந்து பாருங்க."

நாலரை மணிக்கெல்லாம் ஒரிகாசா தன் வீட்டுப் பின்பக்கத்துக்குப் போனார். வேலியைச் சுற்றிப் போகவில்லை. நரி ஓட்டையின் கம்பியை அவிழ்த்தார். தோமே சொன்னது உண்மைதான், அரை மணி நேர வேலை. முழங்காலில் தவழ்ந்து உள்ளே போனார். ஓன்கோ இலைகள் தலையில், காலரில், முகமூடிக்குள் எல்லாம் ஒட்டின. மறுபக்கம் கல் வாய்க்காலின் ஓரம் முழுக்கச் செரி. முப்பது வருஷமாக அவர் வேலியை மட்டும் பார்த்துக் கத்தரித்த இடத்தில், முழங்கால் உயரத்துக்கு, தளதளவென்று. கையைத் தண்ணீருக்குள் விட்டு வேரோடு ஒரு கொத்தை எடுத்தார். வெள்ளை நூல். கசக்கினார். மூக்கடைப்பையும் மீறி எங்கோ வெகு தூரத்திலிருந்து அந்த வாசனை வந்தது.

சமையலறை ஜன்னல் திறந்தது. ஃபுசாயே தலையை நீட்டினாள். "கண்டுபிடிச்சிட்டீங்களா? முப்பத்திரண்டு வருஷம். பரவால்ல, சீக்கிரம்தான்."

"நீ ஏன் சொல்லல?"

"எடத்தச் சொல்லலாமா? ஊர் மரியாதை என்ன ஆகறது!"

அப்போது தினமும் போடும் ஐந்து மணிப் பாட்டு கம்பத்தில் ஒலித்து முடிந்தது. அதே குரல், அதே நிதானம்.

"சாலை நிலையம் பற்றிய... இரண்டாம் அறிவிப்பு. விற்ற கீரை அனைத்தும்... திரும்ப வந்துவிட்டது. யாருக்கும் பாதிப்பில்லை. இந்தக் கீரையைப் பறித்தவர்... சசாமோரி தோமே அல்ல. அவருடைய கீரையில்... முப்பத்திரண்டு ஆண்டுகளில்... ஒரு குறையும் இருந்ததில்லை. மரத்தைத் தவறாகச் சொன்னவரும்... கீரையைச் சோதிக்காமல் கையெழுத்திட்டவரும்... ஒரிகாசா மோரியோ."

எதிர்மலை யோசித்துவிட்டுத் திருப்பிச் சொன்னது: மோரியோ... மோரியோ... பள்ளத்தாக்கின் அந்தக் கோடிக் கம்பம் எப்போதும் கொஞ்சம் பிந்தும். அது மூன்றாவது தடவையாகச் சொன்னது.

ஃபுசாயே ஜன்னலில் அசையாமல் நின்று கடைசி எதிரொலி வரை கேட்டாள். கேலி ஒன்று வரும் என்று ஒரிகாசா காத்திருந்தார். வரவில்லை. "டீ போடறேன்" என்றாள் அவள். ஜன்னலை மூடப் போனவள் மறுபடி திறந்தாள்.

"நாளைக்கு தோமே தட்டுக்கு எத்தன கட்டு வேணும்?"

"ஆறு. ஆஸ்பத்திரிக்கு ஒண்ணு."

"ஆஸ்பத்திரில வெளிச் சாப்பாடு ஆகாதாமே."

"சைக்கிள் கொட்டகைக்குப் பின்னால ஆகும்" என்றார் ஒரிகாசா. மறுபடி குனிந்தார். முழங்கால்கள் தங்கள் பேச்சைத் தொடங்கின. தண்ணீர் பல்லைக் கிட்டவைக்கும் குளிர். வேர் அறுந்துவிடாமல், ஒவ்வொரு கொத்தாக, சேற்றோடு எடுத்து வைத்தார்.